இறந்தவருக்குச் சம்பள உயர்வு கேட்டு

எங்கள் தொழிலில் கட்சிக்காரர் கோர்ட்டுக்கு வரவே மாட்டார். வழக்குப் போடும்போதே அவர் இறந்து பல வருஷம் ஆகியிருக்கும்.

கோவில்பட்டியில் நான் வக்கீல். எல்லா வழக்கும் எடுப்பேன் என்றுதான் போர்டு மாட்டினேன். ஆனால் சின்ன ஊரில் ஒருவருக்கு ஒரு பெயர் விழுந்துவிட்டால் அது விழுந்ததுதான். பஸ் ஸ்டாண்டில் இறங்கி யாரிடம் விசாரித்தாலும், “செத்தவங்களுக்குச் சம்பளம் கூட்டி வாங்கித் தர்ற வக்கீலம்மாவா? ஜெராக்ஸ் கடை மாடி” என்று கையைக் காட்டிவிடுவார்கள்.

விஷயம் இவ்வளவுதான். அரசாங்கம் சம்பளத்தைத் திருத்தி, முன்தேதியிட்டு ஓர் உத்தரவு போடும். உத்தரவு வந்து சேருவதற்குள் ஊழியர் போய்ச் சேர்ந்திருப்பார். அவர் உழைத்த காலத்துக்குக் கணக்குப் போட்டு வாரிசுகளுக்குக் கொடுக்க வேண்டும். அதை வைத்துக் குடும்ப ஓய்வூதியத்தையும் கூட்ட வேண்டும். சட்டம் தெளிவாகத்தான் இருக்கிறது. கொடுக்கிற கைதான் தயங்கும். அந்தக் கையை நீட்ட வைப்பதற்கு நாங்கள் மதுரை ஹைகோர்ட்டுக்குப் போய் ரிட் மனுப் போடுகிறோம். பெரும்பாலும் ஜெயிக்கிறோம். “மேல அனுப்பியிருக்கோம்”, “அடுத்த வாரம் வாங்க”, “அந்த சீட்டுல ஆள் இல்ல” என்ற மூன்றையும் வாழ்க்கையில் கேட்டவரா நீங்கள்? அப்படியானால் நாம் ஒரே வரிசையில் நின்றவர்கள். தள்ளி உட்காருங்கள், சொல்கிறேன்.

மனுதாரர் நேரில் வரவும்

செல்லத்தாய் நாகலாபுரம் பக்கத்துக்காரர். கணவர் சாலைப் பணியாளர். கொதிக்கிற தாரை வெயிலில் ஊற்றி ஊற்றியே ஆயுளைக் கழித்த மனிதர். அவர் இறந்த பிறகு அந்தப் பதவிக்குச் சம்பளத்தைத் திருத்தினார்கள். செல்லத்தாய் கொடுத்த மனுக்கள் எல்லாம் போன வேகத்தில் திரும்பி வந்தன. காரணத்தை நேரிலேயே கேட்டுவிடுவோம் என்று அவரை அழைத்துக்கொண்டு அந்த அலுவலகத்துக்குப் போனேன். கண்காணிப்பாளர் நல்ல மாதிரிதான். உட்காரச் சொல்லி, ஃபைலைப் புரட்டிவிட்டு, “புதுச் சம்பளத்துக்கு மாற விருப்பம்னு ஒரு படிவம் இருக்கு மேடம். அதுல பணியாளர் என் முன்னாடி கையெழுத்துப் போடணும். அது இல்லாம எப்படி?” என்றார். பணியாளர் இறந்துவிட்டார் என்றேன். “அது தெரியும். ஆனா விதியில ‘பணியாளர்’னுதான போட்டிருக்கு? மனைவின்னு போடலையே” என்றார்.

விதியின் உள்பிரிவுகளை எடுத்துச் சொல்ல நான் தொண்டையைச் செருமினேன். அதெல்லாம் பிறகு மதுரையில் சொன்னேன். ஊழியர் இறந்திருந்தால், எது அவருக்கு அதிக லாபமோ அதைத்தான் அவர் விரும்பியதாக எடுத்துக்கொள்ள வேண்டும் என்று நீதிபதி உத்தரவு போட்டார். இன்றைக்கும் அந்த உத்தரவின் நகலை மற்ற வழக்குகளுக்குப் பயன்படுத்துகிறேன். ஆனால் அன்றைக்கு அந்த அறையில் நான் வாயைத் திறப்பதற்கு முன்னால் செல்லத்தாய் எழுந்துவிட்டார். குரலில் கோபம் இல்லை. ஒரு யோசனை சொல்வதுபோலத்தான் சொன்னார். செக்‌ஷன் முழுவதும் தலை நிமிர்ந்தது.

“அவிய இங்கன வர மாட்டாக சார். கையெழுத்து கட்டாயம் வேணும்னா நீங்க அங்கன போயி வாங்கிட்டு வாங்க. நான் வெளிய பெஞ்சில உக்காந்திருக்கேன்.”

பேச்சு வார்த்தை இல்லாத சாட்சி

ஒரே அலுவலகத்தில் ஒரே வேலை பார்த்த இரண்டு பேர். முதலில் சேர்ந்தவருக்குக் குறைந்த சம்பளம், பின்னால் சேர்ந்தவருக்குக் கூடுதல் சம்பளம். சம்பளத் திருத்தத்தில் இப்படி அடிக்கடி நடக்கும். ஜூனியர் அதிகம் வாங்கினால் சீனியருக்கும் அந்த அளவு உயர்த்திக் கொடுக்க வேண்டும் என்பது விதி. இதில் சீனியர் இறந்துவிட்டார். அவர் மனைவிக்காக வழக்குப் போட வேண்டுமென்றால் ஜூனியருடைய சம்பள உத்தரவு எனக்கு வேண்டும். அவர் ஓய்வு பெற்று கோவில்பட்டியிலேயே இருந்தார். “நீங்க போயிக் கேளுங்கம்மா” என்று அந்த அம்மாவிடம் சொன்னேன். “அந்த வீட்டு வாசல்ல நான் மிதிக்க மாட்டேன்” என்றார். ஒரு டிரான்ஸ்ஃபர் விஷயத்தில் இரண்டு ஆண்களுக்கும் சண்டை வந்து, சாகிற வரைக்கும் முகம் பார்க்கவில்லையாம்.

என் குமாஸ்தா சண்முகம் அண்ணாச்சியும் நானும் போனோம். மனிதர் மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டியைக் கழுவிக்கொண்டிருந்தார். விஷயத்தைச் சொன்னதும், “அவன் பேர எங்கிட்டச் சொல்லாதீங்க” என்று மறுபடி தொட்டிக்குள் தலையை விட்டார். நான் நகரவில்லை. அவருக்கு வரக்கூடிய சங்கடத்தையும் மறைக்கவில்லை. “உங்க உத்தரவ நான் கோர்ட்ல காட்டினா, உங்களுக்குக் குடுத்ததே தப்புன்னு டிபார்ட்மெண்ட் நோட்டீஸ் அனுப்பலாம். அனுப்பினா அதை உடைக்க வேண்டியது என் பொறுப்பு. ஃபீஸ் கிடையாது” என்றேன். அவர் தொட்டியைத் தேய்த்துக்கொண்டே இருந்தார். நாங்கள் படியிறங்கி வந்துவிட்டோம்.

மறுநாள் காலை நான் அலுவலகத்தைத் திறக்கும்போது மாடிப் படியில் அவர் நின்றுகொண்டிருந்தார், கையில் உத்தரவுகளோடு. வழக்கு ஜெயித்தது. நான் பயந்தபடியே அவருக்கு நோட்டீஸும் வந்தது. ஓய்வு பெற்றவரிடம் இத்தனை காலம் கழித்துப் பிடித்தம் செய்ய முடியாது என்று வாதாடி அதையும் ரத்துச் செய்ய வைத்தோம். எல்லாம் முடிந்த பிறகு, எதற்காக மனசு மாறினீர்கள் என்று கேட்டேன். ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு சொன்னார்.

“அவன் உயிரோட இருந்து கேட்டிருந்தா சத்தியமா குடுத்திருக்க மாட்டேன். அவனும் கேட்டிருக்க மாட்டான். ரெண்டு பேரும் அப்படியே இருந்துட்டோம். அது அவன் பொஞ்சாதி தலையில விடியணுமா, சொல்லுங்க?”

மூக்கு

கயத்தாறில் ஒரு ஜீப் டிரைவர் இருந்தார். ஏதோ ஒரு அரசுத் துறை என்று வைத்துக்கொள்ளுங்கள். அவருக்குச் சேர வேண்டிய சம்பள உயர்வுக்காக அவர் மனைவி பாக்கியம் இரண்டு மகன்களோடு என்னிடம் வந்தார். வாரிசுச் சான்றிதழுக்கு மனுக் கொடுத்ததும் ஓர் ஆட்சேபனை வந்து நின்றது. நாலுவழிச் சாலையில் லாரிகள் நிற்கிற இடத்தில் டீக்கடை வைத்திருக்கும் வள்ளி என்ற பெண், தன் மகளுக்கும் அவர்தான் அப்பா என்று எழுதிக் கொடுத்திருந்தார். பாக்கியத்துக்கு இது புதுச் செய்தி இல்லை என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது. நான் உள்ளதைச் சொன்னேன். வள்ளிக்கு மனைவி என்ற உரிமை கிடையாது. ஆனால் அவர் மகளுக்குப் பிள்ளை என்ற முறையில் பங்கு உண்டு. மறுத்தால் அவர்கள் நிரூபிக்க வேண்டியிருக்கும். அதுவரை வழக்கு நகராது. மூத்த மகன், “அவங்க யாருன்னே எங்களுக்குத் தெரியாதுன்னு எழுதுங்க மேடம்” என்றான். பாக்கியம், “அந்தப் பிள்ளையப் பாக்கணும்” என்று மட்டும் சொன்னார்.

ஒரு மத்தியானம் இரண்டு தரப்பையும் வரச் சொன்னேன். வள்ளி உள்ளே வராமல் படிக்கட்டிலேயே நின்றுகொண்டார். அவர் மகள் மட்டும் வந்து பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தது. பாக்கியம் அவளை வெகு நேரம் பார்த்தார். “ஏட்டி, என்ன படிக்கே?” என்றார். “நர்சிங்” என்றது பெண். “அங்கன ஹாஸ்டல்ல சாப்பாடு ஒழுங்கா போடுதாங்களா?” பெண் தலையை மட்டும் ஆட்டியது. பாக்கியம் மூத்த மகன் பக்கம் திரும்பி, “ஏலே, அவ பேரையும் சேத்துக் கையெழுத்துப் போடு” என்றார். அவன் ஏதோ சொல்ல வந்தான். அவர் பார்த்த பார்வையில் பேனாவை எடுத்துவிட்டான். தீர்ப்பு நாளில் மூன்று பெண்களும் ஒரே பஸ்ஸில்தான் மதுரைக்கு வந்தார்கள். பாக்கியமும் வள்ளியும் ஒரு வார்த்தை பேசவில்லை. பெண் நடுவில் உட்கார்ந்திருந்தது. திரும்பும்போது நான் பாக்கியத்திடம் மெதுவாகக் கேட்டேன், அன்றைக்கு ஏன் ஒப்புக்கொண்டீர்கள் என்று.

“எம் மக்கமாரு ரெண்டு பேருக்கும் வராத அவிய மூக்கு, அந்தப் பிள்ளைக்கு அப்படியே வந்திருக்கு வக்கீலம்மா. அத இல்லைன்னு எப்படி எழுத?”

எப்போதும்வென்றான் தோற்ற நாள்

எப்போதும்வென்றானிலிருந்து வருகிற கட்சிக்காரர் என்றால் சண்முகம் அண்ணாச்சிக்குத் தனி உற்சாகம். ஊர்ப் பெயரிலேயே தீர்ப்பு இருக்கிறது என்பார். அந்த ஊர்க்காரர் மாரியம்மாள். கணவர் கால்நடை மருந்தகத்தில் உதவியாளராக இருந்து இறந்தவர். சம்பளத் திருத்தம் வந்த சமாச்சாரமே மாரியம்மாளுக்கு ரொம்பத் தாமதமாகத்தான் தெரிந்தது. கோர்ட்டில் அதையேதான் கேட்டார்கள். இத்தனை வருஷம் என்ன செய்துகொண்டிருந்தீர்கள்? காலதாமதம் என்று மனு தள்ளுபடியானது.

மேல்முறையீட்டில் நாங்கள் ஜெயித்துவிட்டோம் என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் உங்களுக்கு டீ இறங்காது. ஓய்வூதியத்தை மாதாமாதம் குறைத்துக் கொடுத்தால் அது மாதாமாதம் நடக்கிற புதுத் தவறு, அதற்கு ஏது தாமதம் என்ற வாதம் மேலே எடுபட்டது. ஆனால் தோற்ற அன்றைக்கு மதுரை பஸ் ஸ்டாண்டில் எனக்கு அந்த வாதம் எதுவும் தோன்றவில்லை. நல்ல வழக்கு, கையில் வைத்துக்கொண்டே விட்டுவிட்டோமே என்று தூணில் சாய்ந்து நின்றேன். மாரியம்மாள்தான் போய் இரண்டு டீ வாங்கி வந்தார். அதற்கு முந்தின வருஷம் மழை பொய்த்து அவருக்கு வயலில் உளுந்தும் போயிருந்தது, கம்பும் போயிருந்தது. டீயை என் கையில் கொடுத்துவிட்டு, மழையைப் பற்றிப் பேசுகிற அதே குரலில் சொன்னார்.

“போன வருசம் வெதச்சது ஒண்ணுகூட மொளைக்கல. அதுக்காக இந்த வருசம் வெதைக்காம இருந்தமா? குடிங்க, குடிச்சிட்டு மேல போடுங்க.”

அதிகாரியின் வேண்டுகோள்

ஜெயித்த பிறகுதான் எங்கள் வேலையின் இரண்டாம் பாகம் ஆரம்பிக்கும். உத்தரவு போட்டாயிற்று; ஆனால் நிறைவேற்ற மாட்டார்கள். அப்போது நீதிமன்ற அவமதிப்பு என்று இன்னொரு மனுப் போட வேண்டும். போட்டதும், அதிகாரி நேரில் வர வேண்டும் என்று கோர்ட் சொல்லும். அவர் வருகிற அன்றைக்குக் காலையில் அதிசயம்போலப் பணம் வழங்கும் ஆணை தயாராகிவிடும். இத்தனை காலம் நகராத ஃபைலுக்கு ஒரே ராத்திரியில் கால் முளைத்தது எப்படி என்று எங்கள் யாருக்கும் இன்றுவரை தெரியாது.

அப்படி ஒரு நாள் வந்தார் ஒரு மாவட்ட அதிகாரி. புதுச் சட்டை, நெற்றியில் விபூதி, முகத்தில் வியர்வை. நீதிபதி ஒரு வாக்கியம்தான் சொன்னார்: “அடுத்த தடவை இதுக்காக நீங்க இவ்வளவு தூரம் வர வேண்டியிருக்கக் கூடாது.” அதிகாரி மூன்று முறை தலையாட்டினார். வழக்கு முடிந்து நான் தாழ்வாரத்தில் வரும்போது பின்னாலேயே வந்து, “மேடம், ஒரு நிமிஷம்” என்றார். சண்டைக்கு வருகிறார் என்று நினைத்து நானும் தயாராக நின்றேன். அவர் அக்கம்பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். அவருடைய அப்பாவும் அதே துறையில் வேலை பார்த்து இறந்தவராம். அவருக்கும் இதே சம்பளத் திருத்தம் வர வேண்டியிருக்கிறதாம். அந்த ஃபைல் இப்போது இவர் மேஜைக்கே வந்திருக்கிறது. சொந்தக் குடும்பத்து ஃபைலில் தானே கையெழுத்துப் போட்டால் நாளைக்குக் கேள்வி வரும். போடாவிட்டால் வீட்டில் அம்மா சோறு போடும்போதெல்லாம் கேட்கிறார். “அப்ப உங்களுக்கு மேல உள்ளவங்களுக்கு அனுப்ப வேண்டியதுதான?” என்றேன். “அனுப்பினேன் மேடம். அவங்க எனக்கே திருப்பி அனுப்பிட்டாங்க” என்றார். அந்த வழக்கையும் எடுத்தேன், சீக்கிரமே முடிந்தது. எதிர்த் தரப்பு இவ்வளவு ஒத்துழைத்த வழக்கு என் அனுபவத்தில் வேறு கிடையாது. அன்றைக்குத் தாழ்வாரத்தில் அவர் கடைசியாகச் சொன்னது இது.

“திங்கக்கிழமை எங்கம்மாவ உங்க ஆபீசுக்குக் கூட்டிட்டு வாரேன் மேடம். தயவுசெஞ்சு எம்மேல ஒரு கேஸ் போட்டுருங்க.”

பொறுப்பு

சாமுவேல் சார் கரிசல் கிராமம் ஒன்றில் ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளி ஆசிரியர். தலைமை ஆசிரியர் ஓய்வு பெற்றுப் போனதும், புது ஆள் வருகிற வரைக்கும் பார்த்துக்கொள்ளுங்கள் என்று சாரைப் ‘பொறுப்பு தலைமை ஆசிரியர்’ ஆக்கினார்கள். புது ஆள் வரவே இல்லை. சார் அந்தப் பொறுப்பிலேயே இருந்து, அந்தப் பொறுப்பிலேயே இறந்தும் போனார். பதவி உயர்வும் இல்லை, அதற்கான சம்பளமும் இல்லை. அவர் மனைவி எஸ்தர் அம்மாள் என்னிடம் வந்தபோது அழவில்லை, புலம்பவில்லை. “அவிய செஞ்ச வேலைக்கு உள்ள பேர வாங்கித் தருவீங்களா?” என்றுதான் கேட்டார். பணத்தைத்தான் அப்படிக் கௌரவமாகச் சொல்கிறார் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

பொறுப்பு வகித்தவர் பதவி வகித்தவர் ஆகமாட்டார் என்று துறை பதில் மனுப் போட்டிருந்தது. நான் கேட்டேன்: பிள்ளைகளின் மாற்றுச் சான்றிதழில் கையெழுத்துப் போட்டது யார்? சுதந்திர தினத்துக்குக் கொடியேற்றியது யார்? மழையில் வகுப்பறை ஓடு விழுந்தபோது விளக்கம் கேட்டு யாருக்குக் குறிப்பாணை அனுப்பினீர்கள்? நீதிபதி அரசு வக்கீலைப் பார்த்து, “தப்பு நடந்திருந்தா தலைமை ஆசிரியர்னு தண்டிச்சிருப்பீங்களா, பொறுப்புன்னு பாதி தண்டிச்சிருப்பீங்களா?” என்றார். அங்கேயே வழக்கு முடிந்துவிட்டது. பொறுப்பேற்ற நாளிலிருந்து அவரைத் தலைமை ஆசிரியராகவே கருதி, சம்பளத்தையும் குடும்ப ஓய்வூதியத்தையும் திருத்த வேண்டும் என்று உத்தரவானது. போன் செய்து சொன்னேன். எவ்வளவு வரும் என்று எஸ்தர் அம்மாள் கேட்கவில்லை. அந்த வரியை மட்டும் வாசிக்கச் சொன்னார். வாசித்தேன். இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார்.

உத்தரவு நகலை வாங்க வந்த அன்று என்னைக் கல்லறைத் தோட்டத்துக்கு வரச் சொன்னார். சண்முகம் அண்ணாச்சியும் நானும் போனோம். சாருடைய கல்லறைக் கல்லில் பெயர் இருந்தது, பிறப்பும் இறப்பும் இருந்தன, கீழே ஒரு வசனம் இருந்தது. பெயருக்கும் பிறப்புக்கும் நடுவில் ஒரு வரி அளவுக்கு வெறும் கல். கல் வெட்டுகிறவர் சாமான்களோடு தயாராக உட்கார்ந்திருந்தார். “எங்க பையன் அப்பவே ‘தலைமை ஆசிரியர்னு வெட்டிருவோம், யாரு வந்து பாக்கப்போறா’ன்னு சொன்னான்” என்றார் எஸ்தர் அம்மாள். “நீங்க ஏன் சம்மதிக்கல?” என்றேன். உத்தரவைக் கல் வெட்டுகிறவரிடம் கொடுத்து, அந்த வரியை விரலால் தொட்டுக் காட்டினார். உளி விழ ஆரம்பித்த பிறகுதான் எனக்குப் பதில் சொன்னார்.

“கல்லறையில போயி ‘பொறுப்பு’ன்னு வெட்ட முடியுமா? அதுக்காகப் பொய்யையும் வெட்டக் கூடாதுல்லா. அதான் அந்த எடத்த அவியளுக்குன்னு சும்மா விட்டு வச்சிருந்தேன்.”

இறந்தவர்களுக்காக வாதாடுவதில் வக்கீலுக்கு ஒரே ஒரு சௌகரியம்தான்: வழக்கு என்னாச்சு என்று கட்சிக்காரர் போன் செய்ய மாட்டார், அதை அவர் மனைவி தினமும் பார்த்துக்கொள்வார்.